ஏற்காட்டுக்குப் போக வேண்டாம், வெங்காயம் போதும்

கேள்வி: தட்டுவடை செட் கடை போடும் ஆயா, தினமும் சாயங்காலம் வரும் கல்லூரிப் பையன். இவர்களுக்குள் வளரும் பாசம்தான் என் குறும்படம். வசனத்தைக் குறைத்து 11 நிமிடத்தில் எடுத்தேன். பார்த்தவர்கள் “ஒண்ணுமே நடக்கலையே” என்கிறார்கள். ஏற்காட்டு மூடுபனியில் ஒரு கிளைமாக்ஸ் சேர்க்கட்டுமா?
- வாசகர், அம்மாப்பேட்டை, சேலம்

பதில்: வேண்டாம். 20 கொண்டை ஊசி வளைவு ஏறிப் போய் ஆயாவுக்கு அங்கே என்ன வேலை? வசனத்தை எடுத்தீர்கள், சரி. அது சொன்ன சேதியைச் சொல்ல வேறு எதையும் வைக்கவில்லை. கோளாறு அங்கேதான்.

இரண்டு தட்டுவடை, நடுவே சட்னி, துருவிய கேரட், பீட்ரூட், வெங்காயம். பையனுக்கு வெங்காயம் பிடிக்காது என்று வையுங்கள். முதல் நாள் “வெங்காயம் வேண்டாம்” என்கிறான். ஆயா பாட்டுக்குப் போட்டுவிடுகிறார், அவன் பொறுக்கி எடுத்துவிட்டுத் தின்கிறான். அடுத்த நாள் வெங்காயத்துக்குப் போன ஆயாவின் கை நின்று திரும்புகிறது. மூன்றாம் நாள் அவன் வாய் திறக்கும் முன்பே வெங்காயமில்லாத செட் தட்டில் இருக்கிறது. நான்காம் நாள் கடையில் வேறு ஆள்: “எல்லாம் போடலாமா?” மூன்று தடவைக்குக் குறைந்தால் பழக்கம் என்று மனதில் பதியாது, ஆறு, ஏழு ஆனால் பார்ப்பவர் முந்திக்கொள்வார். ஐந்து நிமிடம் தாராளம்.

நான்கு நாளும் கேமரா ஒரே இடத்தில், ஒரே உயரத்தில் இருக்கட்டும். சட்டகம் மாறாதபோதுதான் கை மாறுவது தெரியும். குளோசப் மூன்றாம் நாளுக்கு மட்டும். முதல் நாளே வெங்காயத்தைக் குளோசப்பில் காட்டினால் கதையை நீங்களே உடைத்துவிட்டீர்கள். சோகப் பின்னணி இசையும் அதே வேலையைத்தான் செய்யும்.

செல்போனில் எடுப்பதால் நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் வேகம் (ஒரு ஃபிரேமுக்கு வெளிச்சம் விழும் நேரம்) 1/50 நொடி வையுங்கள். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், டியூப்லைட் அதன் தாளத்தில்தான் மினுக்கும். 30 ஃபிரேமும் 1/60-உம் வைத்தால் டியூப்லைட் வெளிச்சத்தில் பட்டை பட்டையாக ஓடும். எக்ஸ்போஷரை, அதாவது கேமரா எடுக்கும் வெளிச்ச அளவை, பூட்டாவிட்டால் ஒவ்வொரு வண்டி ஹெட்லைட்டுக்கும் படம் இருண்டு வெளுக்கும். ஒலிதான் பெரிய தலைவலி. ஒரு ஷாட்டில் பஸ் ஹாரன் இருக்கும், அடுத்ததில் இருக்காது. வெட்டிய இடம் காதில் இடிக்கும். யாரும் பேசாமல் தெருச் சத்தத்தை மட்டும் இரண்டு நிமிடம் தனியாகப் பதிந்து, எல்லா ஷாட்டுக்கும் அடியில் ஓடவிடுங்கள்.

ஒவ்வொரு டேக்குக்கும் புது செட் வேண்டும்; சட்னியில் ஊறிய வடை கடித்தால் மொறுமொறுவென்று சத்தம் வராது. நான்கு காட்சி, காட்சிக்கு ஐந்து டேக் என்றால் 20 செட், அதாவது 40 தட்டுவடை. முன்பே சொல்லி வைத்து, காசையும் முன்பே கொடுத்துவிடுங்கள்.