ஆடி ஓய்ந்த பிறகு என்ன செய்வான் என்று கேட்கும் தந்தைக்கு

மதிப்பிற்குரிய ஐயா,

தங்கள் கடிதத்தை இருமுறை படித்தேன். பி.காம். இரண்டாம் ஆண்டு படிக்கும் தங்கள் மகன் பல்கலைக்கழக பேஸ்பால் அணிக்குத் தேர்வாகியிருப்பதையும், இரண்டு தாள்களில் அரியர் வைத்திருப்பதையும், படிப்பை நிறுத்திவிட்டு முழுநேரமும் விளையாட்டில் இறங்கப்போவதாக வீட்டில் வாதாடுவதையும் எழுதியிருந்தீர்கள். கிரிக்கெட்டாக இருந்தாலாவது மனத்தைத் தேற்றிக்கொள்ளலாம், ஆடி ஓய்ந்த பிறகு இவன் சோற்றுக்கு என்ன செய்வான் என்று தாங்கள் கேட்பது முற்றிலும் நியாயமான கேள்வி. தன் தரப்புக்குச் சான்றாக மகன் ஜப்பானின் ஹிதேகி குரியாமாவைக் காட்டுகிறார் என்றும் எழுதியிருக்கிறீர்கள். அந்த மனிதரின் வாழ்க்கையை முழுவதுமாகப் பார்த்தால், அது தங்கள் மகனின் வாதத்தைவிடத் தங்கள் கவலைக்கே அதிகம் பதில் சொல்கிறது என்பதால், அவரை வைத்தே எழுதுகிறேன்.

பேஸ்பாலில் மேனேஜர் என்பவர் அலுவலகத்தில் அமர்ந்திருப்பவர் அல்லர். வீரர்களைப் போலவே சீருடை அணிந்து அவர்களோடு இருந்து, யார் பந்து வீசுவது, யாரை எப்போது மாற்றுவது என்பதை ஆட்டத்தின் நடுவே முடிவு செய்பவர். 2023 மார்ச்சில் அமெரிக்காவின் மியாமி நகரில் நடந்த, நாடுகளின் அணிகள் மோதும் உலக பேஸ்பால் கிளாசிக் தொடரின் இறுதி ஆட்டத்தில் ஜப்பான் 3-2 என்று அமெரிக்காவை வென்றபோது, அந்தப் பொறுப்பில் இருந்தவர் குரியாமா. மகன் பார்த்திருப்பது அந்த இரவை. நான் தங்களுக்குக் காட்ட விரும்புவது அதற்கு முந்தைய நாற்பது ஆண்டுகளை.

1961-இல் டோக்கியோவில் பிறந்த அவர், டோக்கியோ காகுகெய் பல்கலைக்கழகத்தில் படித்தார். அது ஆசிரியர்களை உருவாக்குவதற்குப் பெயர்பெற்ற அரசுப் பல்கலைக்கழகம். அவரும் ஆசிரியர் பணிக்கான தகுதியோடுதான் வெளியே வந்தார். கிளப்புகள் முறைவைத்துப் புதிய வீரர்களைத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில் அவரை எவரும் எடுக்கவில்லை. தகுதிச் சோதனைக்குச் சென்று, டிராஃப்டுக்கு வெளியே, யாகுல்ட் ஸ்வாலோஸ் அணியில் இடம்பிடித்தார். தலைசுற்றலும் காதுக் கோளாறும் சேர்ந்து வரும் மெனியர் நோயோடு போராடிக்கொண்டே ஆடி, 1989-இல் சிறந்த தடுப்பாட்டத்துக்கான கோல்டன் கிளவ் விருதும் பெற்றார். அதற்கு அடுத்த ஆண்டே ஓய்வு. அப்போது அவருக்கு வயது 29. ஏழு ஆண்டுகளில் 494 ஆட்டங்கள், மொத்தம் 7 ஹோம் ரன்கள். நல்ல ஆட்டக்காரர்தான், ஆனால் ஆட்டத்தை மட்டும் நம்பி மிச்ச வாழ்நாளை ஓட்டக்கூடிய அளவுக்குப் பெரிய ஆட்டக்காரர் அல்லர்.

தாங்கள் அஞ்சும் இடம் இதுதான். அவரைக் கரைசேர்த்தவை பேச்சும் எழுத்தும் கற்பிக்கும் திறனும். இருபது ஆண்டுகளுக்கும் மேலாக அவர் விளையாட்டு வர்ணனையாளராகவும் செய்தியாளராகவும் இருந்தார். ஹாகுஓ பல்கலைக்கழகத்தில் பேராசிரியரானார். ஹொக்கைடோவில் தன் பெயரையே கொண்ட குரியாமா என்னும் சிற்றூரில் குழந்தைகளுக்காக ஒரு மைதானம் அமைத்தார். பயிற்றுநராக ஒரு நாள்கூட வேலை பார்த்திராத அவரை, 2012-ஆம் ஆண்டுப் பருவத்துக்கு ஹொக்கைடோ நிப்பான்-ஹாம் ஃபைட்டர்ஸ் கிளப் நேரடியாக மேனேஜராக்கியது. அந்த முதல் ஆண்டிலேயே அணி, ஜப்பானின் இரு தொழில்முறை லீக்குகளில் ஒன்றான பசிஃபிக் லீக் பட்டத்தை வென்றது.

அதே ஆண்டு இறுதியில் நடந்த ஒன்றைப் பெற்றோர்கள் அனைவரும் அறிய வேண்டும் என்பது என் விருப்பம். இன்று உலகப் புகழ்பெற்ற பேஸ்பால் வீரரும், அப்போது ஹனமாகி ஹிகாஷி பள்ளியின் மாணவருமான ஷோஹெய் ஓதானி, ஜப்பானில் ஆடாமல் நேராக அமெரிக்காவுக்குச் செல்லப்போவதாக அக்டோபரில் அறிவித்துவிட்டார். இருந்தும் ஃபைட்டர்ஸ் அவரை டிராஃப்டில் எடுத்தது. எடுத்த பிறகு மன்றாடவில்லை, பணத்தைக் காட்டி மயக்கவும் இல்லை. சுமார் முப்பது பக்கத்தில் ஓர் ஆவணம் தயாரித்து அவர் முன்னும் பெற்றோர் முன்னும் வைத்தது. இளம் வயதில் வெளிநாடு சென்ற ஜப்பானிய, கொரிய வீரர்கள் எத்தனை பேர் நிலைத்தார்கள், எத்தனை பேர் திரும்பினார்கள், உள்நாட்டில் அடித்தளம் அமைத்துக்கொண்டு சென்றவர்களின் நிலை என்ன என்று விளையாட்டு வாரியாக ஆராய்ந்திருந்த அந்த ஆவணம், கனவைக் கைவிடச் சொல்லவில்லை. அந்தக் கனவுக்கே எந்த வழி உறுதியானது என்று கணக்கிட்டுக் காட்டியது. பந்துவீச்சு, மட்டையாட்டம் இரண்டையும் தொடரலாம் என்ற வாக்குறுதியோடு குரியாமாவும் பேச்சுவார்த்தையில் அமர்ந்தார். டிசம்பரில் ஓதானி சம்மதித்தார். என்னைப் போன்ற ஆலோசகர்கள் செய்ய வேண்டிய வேலை அதுவே என்பதால், அந்த நிகழ்வை எண்ணும்போதெல்லாம் எனக்குப் பெரும் மதிப்பு உண்டாகிறது.

2016-இல் ஃபைட்டர்ஸ், இரு லீக்குகளின் வெற்றி அணிகள் மோதும் ஜப்பான் சீரிஸையும் வென்றது. ஆனால் குரியாமாவின் பத்தாண்டுப் பணியில் கடைசி மூன்று பருவங்களிலும், ஆறு அணிகள் கொண்ட லீக்கில் அணி ஐந்தாம் இடத்தையே பிடித்தது. அந்த நிலையில் விலகிய மனிதரைத்தான் 2021 இறுதியில் தேசிய அணிக்கு அழைத்தார்கள். மதிப்பெண் பட்டியலைப் போல வெற்றி தோல்வியை மட்டும் பார்த்திருந்தால் அந்த அழைப்பு வந்திருக்காது. இளைஞர்களை நம்பி வளர்க்கத் தெரிந்தவர் என்று பத்தாண்டுகளாகப் பலரும் கண்டிருந்தார்கள். 2023 அரையிறுதியில் அது மீண்டும் தெரிந்தது. மெக்சிகோவுக்கு எதிராகக் கடைசி இன்னிங்ஸில் 4-5 என்று பின்தங்கியிருந்தபோது, தொடர் முழுவதும் தடுமாறிக்கொண்டிருந்த 23 வயது முனெதகா முரகாமியை மாற்றாமல் ஆடவிட்டார். முரகாமி அடித்த அடியில் இரண்டு ரன்கள் வந்து ஆட்டம் முடிந்தது.

பட்டம் வென்ற சில மாதங்களுக்குள் தேசியப் பொறுப்பிலிருந்து விலகிய அவர், 2024 ஜனவரியில் ஃபைட்டர்ஸ் கிளப்பின் தலைமை பேஸ்பால் அலுவலரானார். மைதானத்தில் இன்று யார் ஆடுவது என்பது இப்போது அவர் வேலையன்று. எந்த மாணவரை டிராஃப்டில் எடுப்பது, யாரைப் பயிற்றுநராக்குவது, இன்னும் பல ஆண்டுகளுக்கு அணி எத்திசையில் செல்வது என்பவற்றில் கிளப்புக்கு வழிகாட்டும் நிர்வாகப் பணி அது. இத்தகைய பதவிக்கு விண்ணப்பப் படிவம் கிடையாது என்பதையும், உலகில் இவை மிகச் சில என்பதையும் தங்கள் மகனிடம் நான் மறைக்கப்போவதில்லை.

ஆகவே, படிப்பை நிறுத்த நான் உடன்படவில்லை. விளையாட்டை நிறுத்தவும் சொல்ல மாட்டேன். இந்தத் துறையில் பிழைப்புக்கு வழியாக இருக்கும் கதவுகள் பட்டத்தைக் கேட்கின்றன. சென்னையை அடுத்த மேலக்கோட்டையூரிலுள்ள தமிழ்நாடு உடற்கல்வியியல் மற்றும் விளையாட்டுப் பல்கலைக்கழகத்தில் உடற்கல்வி ஆசிரியருக்கான பி.பி.எட். படிப்பில் சேர வேண்டுமானாலும் இளநிலைப் பட்டம் வேண்டும். கல்லூரியில் உடற்கல்வி இயக்குநராக வேண்டுமானால் முதுநிலைப் பட்டத்தோடு நெட் அல்லது செட் என்னும் தகுதித் தேர்வில் தேர்ச்சியும் கேட்கிறார்கள். பி.காம். வீண் என்று அவர் நினைக்க வேண்டாம். கிளப்போ சங்கமோ நடத்த வரவு செலவு தெரிந்தவர் வேண்டும்.

அடுத்த மாதம் முதல் சனிக்கிழமை மகனோடு வாருங்கள். ஓதானியின் வீட்டில் பெற்றோர் இருவரும் உடனிருந்தது போல, அவருடைய அம்மாவும் வர வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். அதற்குள் மகன் தான் ஆடிய மூன்று ஆட்டங்களை வைத்து, தன்னைப் பற்றி அல்லாமல் உடன் ஆடியவர்களில் மூவரைப் பற்றி, ஆளுக்கொரு பக்கம் என்ற கணக்கில் தமிழில் எழுதிக்கொண்டு வரட்டும். அரியர் தாள்கள் எவை, தேர்வு எப்போது என்ற விவரமும் கையில் இருக்கட்டும். அன்று பேச்சை அதிலிருந்தே தொடங்குவோம்.

அன்புடன்,
தங்கள் ஆலோசகர்