நீலத்தாடிக்காரனின் பூட்டிய அறை: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: உயர்நிலை 3இல் படிக்கும் என் மகள், பள்ளி நாடகக் குழுவில் ‘நீலத்தாடிக்காரன்’ கதையை மேடையேற்ற உதவுகிறாள். தேடிப் பார்த்தால் முடிவு இடத்துக்கு இடம் மாறுகிறது. எதைச் சரியான முடிவாகக் கொள்வது?
– வாசகி, உட்லண்ட்ஸ்

பதில்: இக்கதையைப் பிரெஞ்சு எழுத்தாளர் ஷார்ல் பெரோ 1697இல் வெளியிட்ட தொகுப்பில் காணலாம். நீலநிறத் தாடியுள்ள செல்வந்தன் ஒருவன் பல முறை மணந்தவன். முன்னைய மனைவியர் என்ன ஆனார்கள் என்பது ஊரில் எவருக்கும் தெரியாது. புது மனைவியிடம் எல்லாச் சாவிகளையும் கொடுத்து, ஒரு சிறிய அறையை மட்டும் திறக்கக்கூடாது என்று சொல்லிவிட்டு அவன் வெளியூர் புறப்படுகிறான். அவள் திறக்கிறாள், உள்ளே கொலையுண்ட மனைவியரின் உடல்கள். கைதவறி விழுந்த சாவியில் ஒட்டிய இரத்தத்தை ஒரு பக்கம் தேய்த்துக் கழுவினால் மறுபக்கம் தோன்றுகிறது. கணவன் கத்தியை ஓங்கும் வேளையில் அவளுடைய சகோதரர்கள் இருவர் வந்து அவனைக் கொல்கிறார்கள். இவ்வளவையும் எழுதிவிட்டு, ஆவல் பெண்களைக் கேட்டில் தள்ளும் என்று பெரோ நீதி சொன்னார். கழுத்தை அறுத்தவனை விட்டுவிட்டுக் கதவைத் திறந்தவளைக் கண்டிக்கும் அந்த நீதியை என்னால் ஏற்க முடிந்ததில்லை.

பின்வந்த கலைஞர்கள் பலருக்கும் அது உறுத்தியிருக்க வேண்டும். அவளைக் காப்பாற்ற யார் வருகிறார்கள் என்று மட்டும் கவனித்தால், ஒவ்வொரு தழுவலின் நோக்கமும் விளங்கிவிடும். கிரிம் சகோதரர்கள் தொகுத்த இதே சாயலுள்ள இன்னொரு கதையில், சாவியோடு ஒரு முட்டையும் கொடுக்கப்படுகிறது. மூன்றாவது தங்கை முட்டையைக் கறைபடாத இடத்தில் வைத்துவிட்டுத்தான் அறைக்குள் நுழைகிறாள், இறந்த அக்காள்மாரையும் உயிர்ப்பிக்கிறாள். ஆஞ்சலா கார்ட்டர் 1979இல் எழுதிய சிறுகதையில் குதிரையேறி வருபவர் அவளுடைய அம்மா. இளவயதில் புலியைச் சுட்ட அந்த அம்மாவின் கையில் துப்பாக்கியும் இருக்கிறது. பால் டுக்காவின் 1907ஆம் ஆண்டு இசைநாடகத்தில் முன்னைய மனைவியர் உயிரோடு இருக்கிறார்கள். புதிதாக வந்த ஆரியான் கதவைத் திறந்து ‘வாருங்கள், போகலாம்’ என்கிறாள். அவர்களோ அங்கேயே தங்கிவிடுகிறார்கள். திறந்த கதவுக்கு முன்னால் நகராமல் நிற்கும் அந்தப் பெண்களைப் பிணங்களைவிடக் கொடிய காட்சியாகவே நான் நினைக்கிறேன்.

எனினும் உங்கள் மகளுக்கு மிகவும் உதவக்கூடியது, ஹங்கேரிய இசையமைப்பாளர் பேலா பார்டோக் 1911இல் எழுதி, 1918இல் புடாபெஸ்டில் அரங்கேறிய இசைநாடகம். ஏறத்தாழ ஒரு மணி நேரம், பாடுவோர் இருவரே. நம் தெருக்கூத்தின் கட்டியங்காரனைப் போல ஒருவர் முதலில் தோன்றி, மேடை வெளியே இருக்கிறதா, நமக்குள்ளே இருக்கிறதா என்று பார்வையாளரைக் கேட்கிறார். பிறகு ஏழு கதவுகள். சித்திரவதைக் கூடம் திறக்கும்போது இரத்தச் சிவப்பிலும், கருவூலம் திறக்கும்போது பொன்னிறத்திலும், ஐந்தாம் கதவுக்குப் பின்னால் அவனது நாடு விரியும்போது கண்கூசும் வெண்மையிலும் ஒளி பாய வேண்டும் என்பது நாடகக் குறிப்பு. பிணமோ இரத்தமோ இல்லாமல், விளக்குகளாலேயே அச்சத்தை உண்டாக்கலாம் என்பதற்கு இதைவிட நல்ல பாடம் பள்ளி மேடைக்குக் கிடைக்காது. ஏழாம் கதவுக்குப் பின்னால் முன்னைய மனைவியர் மூவர் உயிரோடு நிற்கிறார்கள்; புது மனைவி யூடித் நான்காமவளாக அவர்களோடு சேர்ந்து இருளில் மறைகிறாள். காப்பாற்ற எவரும் வருவதில்லை.

திரைப்படங்களில், பிரெஞ்சு இயக்குநர் மெலியே 1901இலேயே இதை எடுத்துவிட்டார். அதில் மாயாஜாலமே மிகுதி. கேத்தரின் பிரையாவின் 2009ஆம் ஆண்டுப் படம் வேறு தரம். பரண் ஒன்றில் இரு சிறுமியர் இக்கதையைப் படிக்கிறார்கள். தங்கை, அக்காவைப் பயமுறுத்துவதற்காகவே உரக்கப் படிக்கிறாள். அந்த விளையாட்டு எப்படி முடிகிறது என்பதை இங்கே சொல்லமாட்டேன். முடிவைத் தெரிவு செய்யும் உரிமை உங்கள் மகளின் குழுவுக்கு உண்டு. ஏன் அந்த முடிவு என்று கேட்டால் விளக்கவும் அவர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

கேள்வி: ‘சந்திரமுகி’யும் இதே கதைதானே?
– வாசகர், தோ பாயோ

பதில்: தழுவல் அன்று, 1993இல் வந்த ‘மணிச்சித்திரத்தாழ்’ என்ற மலையாளப் படத்தின் வழியில் வந்தது. ஆயினும் உங்கள் ஐயம் நியாயமானதே, ஏனென்றால் திறக்கக்கூடாத அறையும் அதைத் திறக்கும் மனைவியும் இரண்டிலும் உண்டு. நீலத்தாடிக்காரன் கதையில் ஆபத்து, சாவியைக் கொடுத்தவனிடம் இருக்கிறது. ‘சந்திரமுகி’யில் கணவன் அப்பாவி, கதவைத் திறந்தவளே ஆபத்தாக மாறுகிறாள். ஜோதிகாவின் நடிப்பை நானும் வியந்து பார்த்தவன்தான். ஆனாலும் அப்படம் சுற்றிவளைத்துப் பெரோவின் பழைய நீதிக்கே வந்து சேர்கிறது.

கேள்வி: தொடக்கநிலை 2இல் படிக்கும் பேரனுக்கு இத்தகைய கதைகளைச் சொல்லலாமா?
– வாசகர், ஈசூன்

பதில்: நீலத்தாடிக்காரன் இன்னும் சில ஆண்டுகள் காத்திருக்கட்டும். ஆனால் வாள்மீன்களிடமிருந்து சிங்கப்பூரைக் காப்பாற்ற வாழைத்தண்டு அரண் கட்டச் சொன்ன சிறுவனை, அவனுடைய அறிவுக்கு அஞ்சியே மன்னன் கொல்வித்த கதையை இங்குள்ள பிள்ளைகள் சிறு வயதிலேயே கேட்கிறார்கள். புக்கிட் மேராவின் மண் சிவந்தது அந்த இரத்தத்தால் என்றும் சொல்கிறோம். 1961இல் அது மலாய்ப் படமாகவும் வந்தது. இருண்ட கதை நம் பிள்ளைகளுக்குப் புதிதல்ல.

கேள்வி: தமிழில் இதற்கு இணையான கதை உண்டா?
– வாசகி, தெம்பனிஸ்

பதில்: உண்டு, அதுவும் ஐம்பெருங்காப்பியங்களுள் ஒன்றில். குண்டலகேசியின் பாடல்களில் மிகச் சிலவே எஞ்சியுள்ளன. கதை பிற நூல்களின் வழியாகக் கிடைக்கிறது. கொலைத்தண்டனையிலிருந்து தான் மீட்டு மணந்த கள்வனே தன்னை மலையுச்சிக்கு அழைத்துச் சென்று கொல்லத் துணிந்தபோது, இறக்குமுன் உம்மை மும்முறை வலம்வர வேண்டும் என்று கேட்டுக்கொண்ட நாயகி குண்டலகேசி, பின்னால் வந்தபோது அவனைத் தள்ளிவிட்டாள். இந்நிகழ்ச்சியை வைத்துக் கருணாநிதி எழுதிய ‘மந்திரி குமாரி’ 1950இல் வெளிவந்தது. ‘வாராய் நீ வாராய்’ என்று அவன் இனிக்க இனிக்கப் பாடி அழைப்பது அந்த மலையுச்சிக்குத்தான். அதை இன்றும் காதல் பாட்டாகவே ரசிப்பவர்கள் உண்டு. பெரோவின் நாயகி, கணவன் இறந்தபின் நல்லவர் ஒருவரை மணந்து பழையதை மறந்தாள். குண்டலகேசியோ துறவு பூண்டு, வல்லவர்களை வாதுக்கு அழைத்தபடி ஊர் ஊராகச் சென்றாள்.