கடன் இருந்துச்சு, போனேன்

வணக்கம் சார்,

மெதோத் பெவெட்ஸ் 2011இல் எடுத்த 'அலெக்சாண்ட்ரின்கே' ஆவணப்படம் பார்த்தேன். எகிப்துக்குச் செவிலித் தாய்களாகப் போன ஸ்லோவேனியப் பெண்களின் தியாகம் கலங்க வைத்தது. இருபது லட்சம் பேரே உள்ள நாடு தன் பண்பாட்டு அடையாளத்தை இப்படி நினைவுகளால் காப்பாற்றிக்கொள்கிறது, இல்லையா? என் ஆச்சி குவைத்தில் ஒன்பது வருடம் வீட்டுவேலை பார்த்தவர். அவரைப் படமெடுக்க ஆசை. ஆனால் அவருடைய தியாகத்தைப் பற்றிக் கேட்டால் எழுந்து போய்விடுகிறார். எந்த கேமரா வாங்கலாம்?

கார்த்திகா

அன்புள்ள கார்த்திகா,

பண்பாட்டு அடையாளம் இருக்கட்டும், அது கருத்தரங்கில் பேசுகிறவர்கள் பாடு. இரண்டு முறை 'தியாகம்' என்று எழுதியிருக்கிறீர்கள். அந்தச் சொல்லோடுதான் நான் ஒரு வாரமாக மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறேன்.

அந்தப் பெண்கள் இத்தாலி எல்லையை ஒட்டிய கோரிட்சா வட்டாரத்துக்காரர்கள். சூயஸ் கால்வாய் 1869இல் திறந்த காலத்திலேயே அலெக்சாண்ட்ரியாவுக்குக் கப்பலேறத் தொடங்கிவிட்டார்கள். முதல் உலகப் போரில் சோச்சா ஆற்றங்கரையே போர்முனையானது, ஊர்கள் நொறுங்கின. பிறகு அந்த மண் இத்தாலியின் கைக்குப் போனது. வீட்டைத் திருப்பிக் கட்டக் கடன், கடனுக்கு வட்டி, நிலம் ஏலத்துக்கு வரும் நிலை. ஆணுக்கு வேலையில்லை. பால் சுரக்கும் பெண்ணுக்கோ எகிப்தில் நல்ல சம்பளம். கைக்குழந்தையை வீட்டில் விட்டுவிட்டு இன்னொருத்தி குழந்தைக்குப் பால் கொடுக்கப் போனாள். பின்னாளில் ஐ.நா. பொதுச்செயலாளரான புட்ரோஸ் காலியைக்கூட வளர்த்தது ஒரு ஸ்லோவேனியப் பெண்தான்.

ஸ்லோவேனியர்களிடம் 'அழகி வீதா' என்று ஒரு பழைய கதைப்பாட்டு உண்டு. நோய்ப்பட்ட பிள்ளையை விட்டுவிட்டு ஸ்பெயின் அரசியின் குழந்தைக்குப் பாலூட்டப் போனவள், சூரியனிடமும் நிலவிடமும் தன் பிள்ளையை விசாரித்து அழுகிறாள். அந்தப் பாட்டுக்கு உருகிய ஊர், நிஜ வீதாக்கள் திரும்பி வந்தபோது நடத்தையைச் சந்தேகித்தது. அவர்களும் வாயை மூடிக்கொண்டார்கள். இப்போது அதே வட்டாரத்துப் பெர்வாச்சினா கிராமத்தில் அவர்களுக்கு அருங்காட்சியகம் இருக்கிறது. பழி போய்த் தியாகம் வந்தது. சரி, இரண்டுமே ஊர் கொடுத்த பட்டம்தானே அம்மா? அவளைக் கேட்டா கொடுத்தார்கள்?

எனக்கே இதில் சூடு பட்டிருக்கிறது. எங்கள் தெரு அக்கா ஒருவர் மஸ்கட்டில் ஆறு வருடம் வேலை பார்த்தார். அவரை வைத்து ஒரு கதை எழுதினேன், தாய்மை, தியாகம் எல்லாம் போட்டு. படித்துவிட்டு, "தியாகமா? கடன் இருந்துச்சு, போனேன். அங்க எனக்குன்னு ஒரு ரூம் இருந்துச்சு தம்பி, அதை ஏன் எழுதலை?" என்றார். அவர் லீவில் வந்த முதல் நாள், அவருடைய மகன் பாட்டியிடம் "இவங்க எப்பப் போவாங்க?" என்று கேட்டபோது நான் அங்கேதான் உட்கார்ந்திருந்தேன். அதையும் எழுதவில்லை. என் கதையில் பையன் ஓடிவந்து கட்டிக்கொள்கிறான்.

ஆச்சி எழுந்து போகாமல் என்ன செய்வார்? சம்பளம் எவ்வளவு, அது யார் கைக்குப் போனது, அந்த வீட்டில் காலையில் என்ன சமைத்தார், ஊரிலிருந்து கடிதம் வர எத்தனை நாள் ஆகும் என்று கேளுங்கள். அப்புறமும் பேசவில்லையென்றால் விட்டுவிடுங்கள்.

கேமரா வாங்க வேண்டாம், கையிலிருக்கும் போன் போதும். மின்விசிறியை மட்டும் நிறுத்திவிட்டு உட்காருங்கள். அந்தச் சத்தத்தில் ஆச்சியின் குரல் அடிபட்டுப் போகும்.