கேளுங்கள், சொல்கிறேன்: தேர் வடமும் தோணிக் கயிறும்

(கடலூரில் 31 ஆண்டுகள் இயற்பியல் ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர் வாசகர்களின் கேள்விகளுக்குப் பதில் சொல்கிறார்.)

பிளஸ் ஒன் படிக்கும் என் மகள் 'மெக்கானிக்ஸ் கஷ்டமா இருக்கு' என்கிறாள். வண்டி ரிப்பேர் பார்க்கிற மெக்கானிக்குக்கும் இதற்கும் ஏதாவது சம்பந்தம் உண்டா?
- ஒரு தாய், நெல்லிக்குப்பம்

உண்டும்மா. இரண்டுமே பொறி, கருவி என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தவை. பொருள்கள் ஏன் நகர்கின்றன, ஏன் நிற்கின்றன, ஏன் அசையாமல் இருக்கின்றன என்று பார்ப்பதுதான் மெக்கானிக்ஸ். தமிழில் விசையியல் என்போம். சுவரில் சாத்திய ஏணி சரியாமல் நிற்கிறதே, அந்தக் கணக்கும் அதில் சேர்ந்ததுதான். மகளை முதலில் சூத்திரம் மனப்பாடம் செய்யச் சொல்லாதீர்கள். ஒரு பொருளைப் படமாக வரைந்து, அதன் மேல் எந்தெந்த விசை எந்தப் பக்கம் இழுக்கிறது, தள்ளுகிறது என்று அம்புக்குறி போடச் சொல்லுங்கள். அம்புக்குறி சரியாக விழுந்துவிட்டால் பாதிக் கணக்கு முடிந்தது.

சார், வெளியிலிருந்து விசை வராத வரை ஓடும் பொருள் ஓடிக்கொண்டே இருக்கும் என்கிறது நியூட்டனின் முதல் விதி. ஆனால் வடத்தை இழுப்பதை விட்டால் தேர் நின்றுவிடுகிறதே! புத்தகம் சொல்வது சரியா, கண் பார்ப்பது சரியா?
- பதினோராம் வகுப்பு மாணவன், திருப்பாதிரிப்புலியூர்

தம்பி, இந்தக் கேள்விக்காகவே உன்னைப் பாராட்டுகிறேன். 'தள்ளிக்கொண்டே இருந்தால்தான் பொருள் நகரும்' என்றுதான் அரிஸ்டாட்டிலும் நினைத்தார். ஏறத்தாழ 2000 ஆண்டுகள் உலகம் அதை நம்பியது.

உன் கண்ணுக்கு வடம் தெரிகிறது, உராய்வு தெரிவதில்லை. சிக்கல் அவ்வளவுதான். வடம் தேரை முன்னால் இழுக்கிறது. அச்சிலும், சக்கரம் தரையை அழுத்தும் இடத்திலும் உராய்வு பின்னால் இழுக்கிறது. தேர் சீராக நகரும்போது இரண்டும் சமம், மிச்ச விசை பூஜ்யம். மிச்ச விசை இல்லாமல்தான் தேர் ஓடிக்கொண்டிருக்கிறது என்பதைக் கவனி. முதல் விதி சொல்வதும் அதுதானே! வடத்தை விட்டதும் உராய்வு மட்டும் தனியாக நிற்கிறது. அதுதான் வெளி விசை, அதுதான் தேரை நிறுத்துகிறது.

நம் பாடலீஸ்வரர் தேரைச் சின்ன வயதிலிருந்து பார்த்து வருகிறேன். முதல் அசைவுக்குத்தான் அத்தனை பாடு. நின்ற இடத்தில் சக்கரம் பாரத்தால் கொஞ்சம் அமுங்கியிருக்கும். அதோடு நிற்கும் பொருளை அசைக்கும்போது எதிர்க்கும் ஓய்வுநிலை உராய்வின் உச்ச அளவு, நகரும்போது எதிர்க்கும் இயக்க உராய்வைவிடப் பொதுவாகக் கூடுதல். அதனால்தான் வடம் பிடிக்கிறவர்கள் முன்னால் இழுக்கும்போதே பின்சக்கரத்துக்குக் கீழே நெம்புகட்டை கொடுக்கிறார்கள். கட்டையின் நீண்ட பக்கம் குட்டைப் பக்கத்தைப் போலப் பத்து மடங்கு இருந்தால், 60 கிலோ ஆள் முழுப் பாரத்தையும் போட்டுத் தொங்கும்போது சக்கரத்தில் 600 கிலோ பாரத்துக்குச் சமமான விசை ஏறுகிறது. அசைந்துவிட்டதா, அப்புறம் வேலை முட்டுக்கட்டைக்காரருக்கு. அவ்வளவு நிறையுள்ள ஒன்று ஓடத் தொடங்கினால் 'நில்' என்றதும் நிற்காது. அதற்குப் பெயர் நிலைமம். கட்டையை எந்த நொடியில், எந்தக் கோணத்தில் செருக வேண்டும் என்று அவர் கைக்குத் தெரியும்.

வீட்டில் கேரம் போர்டு இருந்தால் ஒரு சோதனை செய்து பார். பவுடர் போடாமல் ஒரு முறை சுண்டு, பவுடர் போட்டு அதே அளவு சுண்டு. காய் கூடுதல் தூரம் போகும். உராய்வைக் குறைத்துக்கொண்டே போனால், கடைசியில் அது இல்லவே இல்லையென்றால்? சாய்தளத்தில் குண்டுகளை உருட்டிப் பார்த்த கலிலியோ இப்படித்தான் யோசித்தார். அதை விதியாக எழுதி 1687-இல் வெளியிட்டவர் நியூட்டன்.

துறைமுகத்தில் படகிலிருந்து கரைக்குத் தாண்டும்போது படகு பின்னால் போகிறது. சின்னப் படகில் அதிகம், பெரிய படகில் தெரிவதே இல்லை. ஏன்?
- மீன் வியாபாரி, கடலூர் முதுநகர்

நீங்கள் முன்னால் போவதற்காகப் படகைக் காலால் பின்னால் உந்துகிறீர்கள், படகு உங்களை முன்னால் உந்துகிறது. இரண்டும் சம விசை, இதுதான் நியூட்டனின் மூன்றாம் விதி. சம விசை என்றால் சம வேகம் என்று அர்த்தமில்லை. நிறையையும் வேகத்தையும் பெருக்கினால் வருவது உந்தம். அதுதான் இரண்டு பக்கமும் சமமாக இருக்கும். 60 கிலோ உள்ள நீங்கள் நொடிக்கு 2 மீட்டர் வேகத்தில் தாண்டினால், 120 கிலோ தோணி நொடிக்கு 1 மீட்டர் பின்னால் போகும். 1200 கிலோ படகு வெறும் 10 சென்டிமீட்டர்தான் போகும்.

ஐந்தாவது படிக்கும்போது உப்பனாற்றில் தோணியிலிருந்து இறங்க அவசரப்பட்டேன். தோணிக்காரர் என் சட்டைக் காலரைப் பிடித்து நிறுத்தி, "கயிறு கட்டுற வரைக்கும் தாண்டாத தம்பி, தோணி உன்னை ஏமாத்திடும்" என்றார். எனக்கு மூன்றாம் விதியை முதலில் சொன்னவர் அவர்தான். தோணியைக் கட்டிவிட்டால் நீங்கள் உதைப்பது கயிறு வழியாகக் கரைக்கும் பூமிக்கும் போகிறது, தோணி அசைவதில்லை. உங்கள் பிள்ளைகளுக்கும் இதைச் சொல்லிவையுங்கள்.

நிறை வேறு, எடை வேறு என்கிறார்களே. மீன் வாங்கும்போது நாம் பார்ப்பது எது?
- வாசகி, அரியாங்குப்பம், புதுச்சேரி

நிறை என்பது மீனில் உள்ள பொருளின் அளவு. எடை என்பது பூமி அதை இழுக்கும் விசை. பழைய இரண்டு தட்டுத் தராசு, மீனைப் படிக்கல்லோடு ஒப்பிடுவதால் நிறையைச் சொல்லும். தொங்கவிடும் ஸ்பிரிங் தராசு இழுவிசையை அளக்கிறது, ஆனால் முகப்பில் கிலோ என்று எழுதியிருக்கும். பூமியில் இருக்கும் வரை இரண்டும் ஒத்துப்போகும். இதே இரண்டு தராசையும் நிலாவுக்குக் கொண்டுபோனால், ஒரு கிலோ வஞ்சிரம் தட்டுத் தராசில் ஒரு கிலோவாகவே இருக்கும். ஸ்பிரிங் தராசு சுமார் 165 கிராம் என்று காட்டும்.