நோட்டீஸ் கொடுத்தாச்சு, கம்பெனி விடமாட்டேங்குது

தம்பி, குடியாத்தத்திலிருந்து துபாய் வந்து ஒரு வருடம் ஏழு மாதம், வேறு கம்பெனியில் நல்ல வேலை கிடைத்து 30 நாள் நோட்டீஸ் கொடுத்தாயிற்று, இன்னும் ஒன்பது நாள் பாக்கி என்று எழுதியிருந்தீர்கள். கம்பெனியோ விசாவைக் கேன்சல் பண்ண மாட்டோம், விசா செலவு 6,000 திர்ஹம் கட்டு, இல்லாவிட்டால் லைஃப் பேன் (ஆயுள் முழுக்கத் தடை) என்று மிரட்டுகிறது. பேசாமல் ஊருக்கே போய்விடட்டுமா என்று கேட்கிறீர்கள்.

போகாதீர்கள். நான் அப்படிப் போனவன். எனக்குப் பேரணாம்பட்டு. 2008ல் ஷார்ஜாவில் இருந்தேன். அப்போதெல்லாம் பழைய முதலாளி என்.ஓ.சி. (ஆட்சேபணை இல்லை என்ற கடிதம்) கொடுத்தால்தான் வேறு கம்பெனிக்கு மாற முடியும். என் முதலாளி கொடுக்கவில்லை. ஆறு மாதத் தடையோடு ஊர் திரும்பி, தினமும் பஸ் பிடித்து ஆம்பூர் ஷூ கம்பெனிக்குப் போய் வந்தேன். ஏஜெண்டுக்குக் கொடுக்க வாங்கிய கடனுக்கு வட்டி மட்டும் ஓடிக்கொண்டே இருந்தது. வீட்டில் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அதுதான் இன்னும் வலித்தது.

அந்தக் காலம் போய்விட்டது. 2022 பிப்ரவரி 2 முதல் இங்கே அமீரகத்தில் புதிய தொழிலாளர் சட்டம் நடப்பில் இருக்கிறது. ஒப்பந்தத்தில் எழுதியபடி நோட்டீஸ் கொடுத்து, அது முடியும்வரை வேலை பார்த்தவரை வேறு இடத்துக்குப் போகாதே என்று பிடித்து வைக்க முடியாது. விசா செலவு, ஆளெடுக்கும் செலவு எல்லாம் முதலாளி தலையில். தொழிலாளியிடம் நேராகவோ சுற்றி வளைத்தோ வாங்கக் கூடாது. சோதனைக் காலமான முதல் ஆறு மாதத்துக்குள் வேறு கம்பெனிக்கு மாறினால்தான் ஆளெடுத்த செலவைத் திருப்பிக் கொடுக்கும் பேச்சே வரும். அதையும் புதிய கம்பெனிதான் கொடுக்க வேண்டும். நீங்கள் அதைத் தாண்டிவிட்டீர்கள். பாஸ்போர்ட்டைப் பிடித்து வைப்பதும் குற்றம்.

அவர்கள் கையில் இருக்கும் ஒரே ஆயுதம் அப்ஸ்காண்டிங் புகார், அதாவது வேலையை விட்டு ஓடிவிட்டார் என்ற புகார். சொல்லாமல் தொடர்ந்து ஏழு நாளுக்கு மேல் வராவிட்டால் அதைக் கொடுக்கலாம். உறுதியானால் ஒரு வருடம் புது வேலை பர்மிட் கிடைக்காது. அதனால் இந்த ஒன்பது நாளும் என்ன திட்டினாலும் வேலைக்குப் போங்கள். வருகைப் பதிவைத் தினமும் போட்டோ எடுத்து வையுங்கள். ராஜினாமாவை வாயால் மட்டும் சொல்லியிருந்தால் இன்றே இமெயிலில் அனுப்புங்கள். 30 நாள் அன்றிலிருந்துதான் எண்ணப்படும் என்றாலும் பரவாயில்லை, தேதி போட்ட காகிதம் கையில் இருக்கட்டும். என் அறையில் இருந்த ஒரு பையன் கோபத்தில் பத்து நாள் வேலைக்குப் போகாமல் படுத்துக்கொண்டான். நியாயம் முழுக்க அவன் பக்கம் இருந்தும் எல்லாம் போய்விட்டது.

கடைசி நாள் முடிந்தும் இழுத்தால், தொழிலாளர் அமைச்சகத்தின் 80084 எண்ணுக்குப் போன் செய்து புகார் கொடுங்கள். முதலில் இரண்டு பக்கத்தையும் பேச வைப்பார்கள். 50,000 திர்ஹத்துக்குள் இருக்கும் கோரிக்கை என்றால் 2024 முதல் அமைச்சகமே முடிவு சொல்லிவிடுகிறது. தனியாகப் போகத் தயக்கம் இருந்தால் இந்தியத் தூதரகத்தின் உதவி மையத்தைக் கேளுங்கள், 80046342.

அப்புறம், கணக்கு. வேலை முடிந்து 14 நாளுக்குள் பாக்கி எல்லாம் கொடுக்க வேண்டும். கிராஜுவிட்டி, அதாவது வேலையை விடும்போது வரும் பணிக்கொடை, வருடத்துக்கு 21 நாள் பேசிக் (அடிப்படைச் சம்பளம்). உங்கள் பேசிக் 1,500 என்று வைத்தால் சுமார் 1,660 திர்ஹம் வரும். எடுக்காத லீவுக்கும் பணம் உண்டு. ஊருக்கு டிக்கெட் கேட்க வேண்டாம், வேறு வேலைக்கு மாறுகிறவருக்கு அது இல்லை. 'எல்லாம் பெற்றுக்கொண்டேன்' என்ற கேன்சலேஷன் காகிதத்தில் மட்டும் பணம் வராமல் கையெழுத்துப் போடாதீர்கள். இங்கே நம்ம ஆட்கள் ஏமாறுவது பெரும்பாலும் அந்த ஒரு இடத்தில்தான். மேனேஜர் அவசரப்படுத்துவார், பி.ஆர்.ஓ. (கம்பெனியின் விசா வேலைகளைப் பார்ப்பவர்) வண்டி கிளம்புது என்பார். கிளம்பட்டும்.

புதிய கம்பெனி 'சும்மா வந்து உட்காருங்க' என்று கூப்பிட்டாலும் அவர்கள் பர்மிட் வருவதற்கு முன்பு போய் நிற்காதீர்கள். அதைப் பிடித்தால் நம்ம பக்கம்தான் தப்பாகும்.

இன்று இரவே ஒப்பந்தத்தை எடுத்துப் பாருங்கள். அது அமைச்சக ஒப்பந்தமா, ஃப்ரீ ஸோன் (தனி நிர்வாகம் உள்ள தொழில் மண்டலம்) ஒப்பந்தமா? ஃப்ரீ ஸோன் என்றால் முதலில் அந்த ஸோன் அலுவலகத்தில்தான் புகார் கொடுக்க வேண்டும். அதையும் பேசிக் எவ்வளவு போட்டிருக்கிறது என்பதையும் எழுதுங்கள், சரியான கணக்கைப் போட்டுத் தருகிறேன்.