நாயகன் தேரையாவது எப்படி?

கேள்வி: 1921-இல் வந்த ஜப்பானிய மௌனப் படம் ‘கோகெட்சு ஜிராயா’வில் நாயகன் ஒரு நொடியில் பெரிய தேரையாகிவிடுகிறானே, அந்தக் காலத்தில் அதை எப்படி எடுத்தார்கள்?

பதில்: கேமராவை நிறுத்தித்தான். இயக்குநர் மகினோ ஷோசோ இந்த வித்தையில் கைதேர்ந்தவர். முக்காலியில் கேமராவை இறுக்கிவிட்டுக் கையால் சுற்றிப் படம் பிடிப்பார்கள். நாயகனாக நடித்த ஓனோயே மாட்சுனோசுகே விரல்களைக் கோத்து மந்திர முத்திரை பிடித்ததும் சுற்றுவது நிற்கும். அவர் விலக, தேரை வேடக்காரர் அதே இடத்தில் வந்து உட்காருவார். மற்றவர்கள் மூச்சைப் பிடித்துச் சிலையாய் நிற்க வேண்டும். பிறகு மறுபடி சுற்றுவார்கள்.

சிக்கல் இங்கேதான். நிறுத்தும்போதும் தொடங்கும்போதும் கைப்பிடி மெதுவாகச் சுழலும். அந்தச் சில சட்டகங்களில் (ஃபிரேம்களில்) வெளிச்சம் கூடுதலாக விழுந்து வெளுத்துவிடும். அவற்றை வெட்டிவிட்டு ஒட்ட வேண்டும். நடுவில் முக்காலியில் கால் பட்டால் பின்னணியே துள்ளும், மேகம் கடந்தால் நிழல் மாறும். இந்தத் துள்ளலை மறைக்கப் புகை பெரிய உதவி. அடுத்த முறை நாயகனை விட்டுவிட்டுச் சுற்றி நிற்பவர்களின் கைகளைப் பாருங்கள். ஒட்டு இருக்கும் இடத்தில் வாள்முனை ஒரு விரற்கடை நகர்ந்திருக்கும்.

கேள்வி: தேரை, பாம்பு, நத்தை என்று ஏன் இந்த மூன்றும்?

பதில்: மூலக்கதை 1839 முதல் 1868 வரை பல ஆசிரியர்கள் கைமாற்றி எழுதிய படக்கதைத் தொடர். நாயகன் ஜிராயாவுக்குத் தேரை மந்திரம், எதிரி ஓரோச்சிமாருவுக்குப் பாம்பு, ஜிராயாவின் மனைவி சுனாதேவுக்கு ஓடில்லாத நத்தை. பாம்பு தேரையை விழுங்கும், தேரை நத்தையைத் தின்னும், நத்தை பாம்பைக் கரைத்துவிடும் என்பது நம்பிக்கை. மூன்றும் நேருக்கு நேர் வந்தால் ஒன்றும் அசைய முடியாது. ஜப்பானியர் இதையே கைவிளையாட்டாகவும் ஆடினார்கள்: கட்டைவிரல் தவளை, ஆள்காட்டி விரல் பாம்பு, சுண்டுவிரல் நத்தை.

கேள்வி: ஆட்கள் ஓடி ஓடி நடப்பதுபோலத் தெரிகிறது, கதையும் பிடிபடவில்லை. பிரதி மோசமா?

பதில்: வேகம்தான் தவறு. நொடிக்கு 16 சட்டகம் எடுத்ததை 24-இல் ஓட்டினால் 20 நிமிடப் படம் 13 நிமிடம் 20 நொடியில் முடிந்துவிடும். பிளேயரில் வேகத்தை 0.67 ஆக்கிப் பாருங்கள், வாள்வீச்சுக்குக் கனம் வந்துவிடும். கதை பிடிபடாததற்குக் காரணம் வேறு. அன்று திரைக்குப் பக்கத்தில் ‘பென்ஷி’ என்ற கதைசொல்லி எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுத்தார். அதனால் எழுத்து அட்டைகளை அதிகம் வைக்கவில்லை. எஞ்சியிருப்பதும் சுமார் 20 நிமிடம்தான். பென்ஷி குரல் சேர்த்த பிரதி கிடைத்தால் அதையே முதலில் பாருங்கள். அதில் மட்டும் வேகத்தை மாற்றாதீர்கள், குரல் இழுபடும்.