சண்டிகேசுவரர் மடியில் நூல்

(வாசகர் கேள்விகளுக்குக் கிராமத்துச் சிவன் கோயில் குருக்கள் ஒருவர் பதில் சொல்கிறார்)

கேள்வி: சிவன் கோயிலில் சண்டிகேசுவரர் முன்னால் கை தட்டுகிறார்கள். புடவையிலிருந்து நூல் உருவியும் போடுகிறார்கள். அவருக்குக் காது கேட்காதா? (வாசகி, கும்பகோணம்)

பதில்: நன்றாகவே கேட்கும் அம்மா. பிரதோஷத்துக்கு மறுநாள் காலையில் அவர் சந்நிதியைச் சுத்தம் செய்கிறவன் நான்தான். மடியில் கொத்தாக நூல் கிடக்கும். வேட்டி நூல், துப்பட்டா நூல், சில நாள் பட்டுச் சரிகைகூட. எண்ணெய்ப் பிசுக்கில் ஒட்டிக்கொண்டு கையோடு வராது. தேங்காய் நாரால் தேய்த்துத்தான் எடுக்க வேண்டும். ஒருமுறை சட்டைப் பொத்தான் கிடந்தது. நூல் கிடைக்காத அவசரமோ என்னவோ!

இவர் சேய்ஞலூர்ப் பிள்ளை, இயற்பெயர் விசாரசருமர். மாடு மேய்க்கப் போன இடத்தில், மண்ணியாற்றங்கரை ஆத்தி மரத்தடியில், மணலில் லிங்கம் பிடித்துப் பாலால் அபிஷேகம் பண்ணிக்கொண்டிருந்தார். பாலை வீணாக்குகிறான் என்று ஊர் புகார் சொல்ல, அப்பா எச்சதத்தன் வந்து முதுகில் அடித்தார். பிள்ளை அசையவில்லை. பால் குடத்தைக் காலால் உதைத்தபோதுதான் பக்கத்தில் கிடந்த கோலை எடுத்தார். அது மழுவாகி அப்பாவின் கால்களை வெட்டிவிட்டது. இந்த இடம் எனக்கே கொஞ்சம் உறுத்தும். அந்த அப்பாவும் சிவலோகம் சேர்ந்தார் என்று பெரியபுராணம் சொல்வதால் மனம் ஆறிக்கொள்வேன்.

சிவபெருமான் தன் சடையில் இருந்த கொன்றை மாலையை எடுத்து அவருக்குச் சூட்டினார். தான் உண்டதும் உடுத்ததும் சூடியதும் இனி உனக்கே என்று சொல்லிவிட்டார். கங்கைகொண்ட சோழபுரத்துக்குப் போனால் வடக்கு வாசல் படிக்கட்டுப் பக்கம் இந்தக் காட்சியைச் சிற்பமாகப் பார்க்கலாம். சோழர் காலத்தில் கோயில் நிலத்தை வாங்குவதும் விற்பதும்கூட ஆதிசண்டேசுவரர் என்று இவர் பெயரில்தான் நடந்தது, கல்வெட்டுகளில் இருக்கிறது. ஆக, சிவன் சொத்துக்கு அவர்தான் கணக்கு. புறப்படும்போது, 'இங்கிருந்து எதையும் எடுத்துப் போகவில்லை' என்று வெறுங்கையைக் காட்ட வேண்டும், அவ்வளவுதான். கையைத் துடைத்துக் காட்டுவது நாளடைவில் கைதட்டல் ஆகிவிட்டது. அப்புறம், நூல் போட்டால் புதுத்துணி கிடைக்கும் என்று யாரோ கிளப்பிவிட்டார்கள். அவர் தியானத்தில் இருப்பவர். உள்ளங்கைகளை மெல்லத் துடைத்துக் காட்டுங்கள், போதும்.

கேள்வி: பூஜை விளக்கை வாயால் ஊதி அணைக்கலாமா? (வாசகர், ஈரோடு)

பதில்: வேண்டாம். எச்சில் படும். எங்கள் வீட்டில் 'அணை' என்ற சொல்லையே விடமாட்டார்கள். 'விளக்கைக் குளிர வை' என்பாள் அம்மா. திரியைக் குச்சியால் எண்ணெய்க்குள் இழுத்துவிடுங்கள். தானாக அணையட்டும் என்று விட்டால் திரி கருகி வீடெல்லாம் நாறும்.

கேள்வி: தாத்தா காலத்திலேயே சென்னைக்கு வந்துவிட்டோம். குலதெய்வம் எது என்றே தெரியவில்லை. மகளுக்கு முதல் மொட்டை போட வேண்டும். பிரசன்னம் என்ற ஜோதிடம் பார்த்துச் சொல்ல ஒருவர் ஐயாயிரம் ரூபாய் கேட்கிறார். (வாசகர், அம்பத்தூர்)

பதில்: அந்த ஐயாயிரத்தை வைத்துக்கொள்ளுங்கள் தம்பி, பஸ்ஸுக்கு ஆகும். குலதெய்வம் அப்பா வழியில் வருவது. அதனால் பங்காளிகளைத் தேடுங்கள். உங்கள் அப்பாவுக்கு அக்காவோ அத்தையோ இருந்தால் முதலில் அங்கே போங்கள். 'சாமி எது?' என்று கேட்டால் முழிப்பார்கள். 'உங்களுக்குக் காது குத்தியது எந்த ஊரில்?' என்று கேளுங்கள், கிடா வெட்டியதிலிருந்து யார் யார் கோபித்துக்கொண்டு போனார்கள் என்பதுவரை வரும். பெயர்களையும் பாருங்கள். தாத்தா தலைமுறையில் ஒரு வீரனோ அய்யனாரோ பச்சையம்மாளோ திரும்பத் திரும்ப வந்தால் பாதி வேலை முடிந்தது. பழைய பத்திரம் இருந்தால் ஊர்ப் பெயர் அதில் கிடைக்கும்.

மாசி சிவராத்திரிக்கு அந்த ஊருக்குப் போங்கள். பங்காளிகள் நாலா பக்கத்திலிருந்தும் வந்து கூடும் நாள் அது. தென் மாவட்டத்தில் சாஸ்தா என்றால் பங்குனி உத்திரம். (சிவராத்திரியன்று என் கோயிலில் உள்ளூர்க் கூட்டம் பாதியாகக் குறைவது இதனால்தான். எனக்கு வருத்தமில்லை.) கோபுரத்தை எதிர்பார்க்காதீர்கள். வேப்ப மரத்தடியில் மூன்று செங்கல்லும் ஒரு சூலமும்தான் இருக்கலாம், காலுடைந்த மண் குதிரை ஒன்றும் நிற்கலாம். அதுதான் சாமி. எவ்வளவு தேடியும் கிடைக்காவிட்டால் முருகனையோ திருப்பதிப் பெருமாளையோ வைத்துக்கொண்டு மொட்டையைப் போடுங்கள், குழந்தைக்கு வயது ஏறுகிறது. பலர் வீட்டில் அப்படித்தான் நடக்கிறது.

போகும்போது தேங்காய், பழம், சூடத்தோடு தீப்பெட்டியும் எடுத்துக்கொள்ளுங்கள். வயல் நடுவே கடை இருக்காது.